வளைகோல் ஏந்திய வண்டிக்காரர் மகள்

குருட்சேத்திரம் என்ற பெயரைக் கேட்டதும் நம்மவர்க்கு நினைவு வருவன பதினெட்டு நாட் போரும் பகவத்கீதையுமே. அப்பெயர் தாங்கிய மாவட்டமொன்று வடஇந்தியாவில் ஹரியானா மாநிலத்தில் இன்றும் உண்டு. தில்லியிலிருந்து வடக்கே அம்பாலா நோக்கிச் செல்லும் பெருஞ்சாலையின் மருங்கில், மார்க்கண்டா என்னும் ஆற்றையடுத்து, ஷாஹாபாத் என்றொரு சிறு பட்டினம் அம்மாவட்டத்தில் இருக்கின்றது. கோதுமையும் நெல்லும் கரும்பும் விளையும் நிலம். சீனி ஆலையொன்றும் உண்டு. அவ்வூரின் பெயரை உலகறியச் செய்தது புராணமன்று, ஆலையுமன்று. அங்குள்ள மைதானத்திலே ஹொக்கி பயின்ற பெண்பிள்ளைகளே அதனைச் செய்தனர். அவர்களுள் ஒருத்தியின் வரலாற்றை ஈண்டுச் சொல்லப் புகுகின்றேன்.

இலக்கியப் பக்கத்தில் ஹொக்கிக்கு என்ன வேலை என்று அன்பர் சிலர் புருவம் நெரிக்கலாம். பந்தாடும் மகளிரைப் பாடாத பழந்தமிழ்ப் புலவர் மிகச் சிலரே என்பதை அவர்க்கு நினைவூட்டுகின்றேன். சிலப்பதிகாரத்து வாழ்த்துக் காதையிலே கந்துக வரி உண்டு. கந்துகமாவது பந்து. பெருங்கதையிலே மகளிர் பந்தடிக்கும் வனப்பை உதயணன் கண்டதைக் கூறுதற்கென்றே ஒரு காதை வகுக்கப்பட்டிருக்கின்றது. ஆயின் அம்மகளிரெல்லாம் மாளிகை முற்றத்திலே சிலம்பொலிக்க ஆடியவர். காண்பார் கண்ணுக்கு விருந்தாக ஆடியவர். யாம் கூறப்போகும் பெண்ணோ காண்பாரைக் கருதி ஆடியவளல்லள். வீட்டின் வறுமையினின்றும் வெளியேறும் வழியொன்று தேடி ஆடியவள். அவ்வேறுபாடு பெரிது.

கலைச்சொல் ஆக்குவோர் ஹொக்கியை வளைகோற் பந்தாட்டம் என்று வழங்குகின்றனர். நல்ல சொல்லே. கோல் நுனியில் வளைந்திருப்பது. அதன் இடப்பக்கம் மட்டுமே தட்டையானது. அத்தட்டைப் பக்கத்தாலன்றி மறுபக்கத்தாற் பந்தைத் தொடுதல் குற்றமாம். இடக்கையாளர்க்கென வேறு கோலும் இல்லை. எனவே வலப்புறத்தே செல்லும் பந்தை எளிதில் அடிக்கலாம். இடப்புறத்தே செல்லும் பந்துக்குக் கோலைக் கவிழ்த்துப் பிடித்து மணிக்கட்டைத் திருப்ப வேண்டும். அந்தத் திருப்பத்திலேதான் வல்லாரும் அல்லாரும் பிரிந்து நிற்பர். மற்றுமொரு விதி: கோல்முகத்தைச் சுற்றி ஏறக்குறைய 14.63 மீற்றர் அளவில் வளைவாகக் கீறிய கோட்டுக்குள் நின்று அடித்தாலன்றிக் கோல் ஆகாது. தொலைவிலிருந்து வலிமையாக அடிப்பதனாற் பயனில்லை. நெருக்கத்துள் நுழைய வேண்டும். நான்கைந்து கோல்கள் தன் காலருகே வீசப்படும்போது கண்ணிமைக்கும் நேரத்தில் முடிவு செய்ய வேண்டும். உடல் வலிமையைக் காட்டிலும் மதி விரைவை வேண்டி நிற்கும் ஆட்டம் இது. மெலிந்த பெண்ணொருத்தி இதில் மேம்பட்டமைக்குக் காரணம் தேடுவார் இவ்விதிகளை மனங்கொள்ளுதல் நன்று.

1994ஆம் ஆண்டு டிசெம்பர் மாதம் 4ஆந் திகதி ஷாஹாபாத்திலே பிறந்தாள் இராணி. தந்தையார் பெயர் இராம்பால். தந்தையின் பெயரைத் தன் பெயரோடு இணைத்து இராணி இராம்பால் என வழங்கப்பெற்றாள். நம்மவர் வழக்குக்கு ஒத்த வழக்கே. பெயர்தான் இராணி. தந்தையார் வண்டிக்காரர், நாளொன்றுக்கு எண்பது ரூபா வரையில் உழைத்தார். தாயார் பிறர் வீடுகளிலே வேலை செய்தார். தமையன்மார் இருவர், ஒருவர் கடையிலே சிற்றாள், மற்றவர் தச்சர். மழை பெய்தால் வீட்டினுள் வெள்ளம் புகும், மின்விளக்கு எரியும் நேரத்தினும் எரியாத நேரமே மிகுதி, இரவில் நுளம்பு, இருவேளை உணவும் உறுதியன்று. இவையெல்லாம் பிற்காலத்தில் அவர் தாமே பலரறியக் கூறியவை. யான் புனைந்தனவல்ல.

வீட்டின் அண்மையிலே ஹொக்கிப் பயிற்சிக்கழகம் ஒன்று இருந்தது. அதனை நடத்தியவர் பல்தேவ் சிங் என்னும் பயிற்றாசிரியர். கண்டிப்புக்குப் பெயர்போனவர். சிறு பட்டினமொன்றிலிருந்து இந்திய மகளிர் அணிக்கு வரிசை வரிசையாக ஆட்டக்காரரை அனுப்பியவர். 2009ஆம் ஆண்டு இந்திய அரசின் துரோணாசாரியர் விருது பெற்றவர். குருட்சேத்திரத்துக்கு அண்மையிலுள்ள ஆசிரியருக்குத் துரோணர் பெயரால் விருது! பொருத்தம் தானாக அமைந்தது போலும்.

சிறுமி இராணி வேலியோரத்தில் நின்று பிறர் ஆடுவதை மணிக்கணக்காகப் பார்ப்பாள். எனக்கும் கற்றுத் தாருங்கள் என்று ஆசிரியரை நாள்தோறும் கேட்பாள். அவர் மறுத்தார். காரணம், பிள்ளை ஊட்டமின்றி மெலிந்திருந்தாள். ஒரு வேளைப் பயிற்சியைத் தாங்கவும் அவ்வுடம்புக்கு ஆற்றல் இராது என்பது அவர் கருத்து. அவள் மைதானத்திலே கிடந்த முறிந்த கோலொன்றைக் கண்டெடுத்தாள். பயிற்சி உடை இல்லை. சல்வார் கமீசோடு ஓடினாள். முறிந்த கோலால் தானே பழகினாள். கேட்டுக் கேட்டு ஈற்றில் ஆசிரியர் மனத்தை இளக்கினாள். இது 2003ஆம் ஆண்டளவில். அவளுக்கு ஒன்பது வயது நிரம்பவில்லை.

இவ்விடத்திலே ஆசிரியத் தொழில் செய்வோனாகிய யான் சற்றுத் தரித்து நிற்க வேண்டியவனாகின்றேன். பாடங்கேட்டற்கு உரியரல்லாதார் இன்னார் என நன்னூலார் ஒரு வரிசை வகுத்திருக்கின்றார். அதனுள்ளே பிணியனும் ஏழையும் வருகின்றனர். ஏழை என்னுஞ் சொல்லுக்கு உரைவேற்றுமை காட்டித் தப்பித்துக்கொள்ளலாம். பிணியன் என்பதற்கு அவ்வாறு செய்ய இயலாது. பல்தேவ் சிங் நன்னூல் படித்திரார். ஆனால் அவ்வரிசையின் வழியிலேதான் அவர் முதலில் நின்றார். அவரைக் குறை கூறவும் எனக்கு மனமில்லை. வெயிலிலே ஓடுகிற பிள்ளை மயங்கி விழுந்தாற் பொறுப்பேற்பவர் யார்? மாணாக்கரைத் தெரிந்தெடுத்தல் என்பது, யாரைச் சேர்ப்பது என்னும் வினாவினும் யாரைத் திருப்பியனுப்புவது என்னும் வினாவாகவே ஆசிரியர்க்கு எதிர்ப்படுகின்றது. அனுப்பப்பட்ட பிள்ளை மறுநாளும் வந்து நிற்குமாயின், அதற்கு மேல் நூல் விதி செல்லாது.

கழகத்திலே சேர்ந்தாயிற்று. இனி வீடு. பெண்பிள்ளை வீட்டுவேலை பழகவேண்டியவள்; குட்டைப் பாவாடை அணிந்து ஊர்காண ஓடுதல் ஒவ்வாது என்றனர் பெற்றோர். ஹரியானாவிலே பெண்குழந்தைகளின் தொகை ஆண்குழந்தைகளின் தொகையினும் மிகக் குறைந்திருந்ததும், அது குறித்து நாடே கவலையுற்றதும் பலரறிந்தவை. அத்தகைய நாட்டிலே அப்பெற்றோர் கூறியது புதுமையன்று. ஒருமுறை விடுங்கள், தோற்றால் நீங்கள் சொன்னபடி கேட்கிறேன் என்று அவள் மன்றாடினாள். அரை மனத்தோடு இசைந்தனர். இசைந்த பின்னரோ அக்குடும்பம் செய்தது சிறிதன்று. பயிற்சி விடியற்காலையிலே தொடங்கும். வீட்டில் மணிக்கூடு இல்லை. தாயார் உறங்காது விழித்திருந்து, வானத்தைப் பார்த்துப் பொழுதறிந்து மகளை எழுப்புவார். எழுத்தறிவு மிக்க தாய்மார் பலர் செய்யாத காரியம் இது.

பாலின் கதையை இனிச் சொல்ல வேண்டும். பயிற்சிக்கு வரும் ஒவ்வொரு பிள்ளையும் அரை லீற்றர் பால் கொண்டுவருதல் வேண்டும் என்பது கழகத்தின் விதி. ஓடுகின்ற உடம்புக்கு ஊட்டம் வேண்டும் என்னும் நல்லெண்ணத்தாற் பிறந்த விதி. இராணியின் வீட்டாரால் இருநூறு மில்லிலீற்றர் பாலுக்கே வழி காண முடிந்தது. அவள் ஒருவருக்குஞ் சொல்லாது, குறையை நீரால் நிரப்பிக்கொண்டு போனாள். அதனைக் குடித்துவிட்டு ஓடினாள்.

இதனைப் பத்திரிகைகள் பலவும் நெஞ்சுருக்கும் செய்தியாக எழுதிவிட்டன. எனக்கு உருக்கத்தினும் வேறொன்றே முன்னே தோன்றுகின்றது. விதி நல்லதே, ஆயின் அது பாத்திரத்தை அளந்தது, வீட்டை அளக்கவில்லை. நம் பாடசாலைகளிலும் இத்தகைய விதிகள் உண்டு. வெண்சப்பாத்து இல்லாதவன் அணிநடைக்கு வரலாகாது. உபகரணப்பெட்டி இல்லாதவன் கேத்திரகணித வகுப்பிலே எழுந்து நிற்க வேண்டும். பிள்ளைகள் என்ன செய்கின்றனர்? இரவல் வாங்குகின்றனர்; ஒளிக்கின்றனர்; பாலிலே நீர் கலக்கின்றனர். பாலையும் நீரையும் பிரித்தறியும் அன்னத்தை நன்னூலார் நல்ல மாணாக்கனுக்கு உவமையாக்கினார். ஆசிரியனுக்கும் அவ்வன்னத்தின் கண் வேண்டும் என்று எனக்குப் படுகின்றது.

பல்தேவ் சிங்குக்கு அக்கண் பின்னர் வாய்த்தது. அவளுக்குக் கோலும் சப்பாத்தும் அவரே வாங்கிக் கொடுத்தார். தம் வீட்டிலே தம் குடும்பத்தாரோடு தங்கவும் செய்து உணவைக் கவனித்துக்கொண்டார். முதலில் மறுத்தவரும் அவரே, பின்னர் ஊட்டியவரும் அவரே. இராணி எங்கே பேசினும் அவர் பெயரை விடாது சொல்வதிலிருந்து, மறுத்ததை அவள் மனத்திற் கொள்ளவில்லை என்று தெரிகின்றது. போட்டியொன்றில் முதன்முதலாகக் கிடைத்த பரிசு ஐந்நூறு ரூபா. அதனைத் தந்தை கையிலே கொடுத்தாள். அவ்வளவு பணத்தை ஒருங்கே அவர் அதுவரை கையிலே பிடித்ததில்லையாம்.

2009ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் ரஷ்யாவின் கசான் நகரத்திலே சர்வதேசப் போட்டித் தொடரொன்று நடைபெற்றது. இந்திய அணியிலே பதினான்கு வயதுச் சிறுமியொருத்தி இடம்பெற்றிருந்தாள். இறுதியாட்டத்திலே பெல்ஜியத்துக்கு எதிராக நான்கு கோல்கள் அடித்தாள். தொடரில் அதிக கோல் அடித்தவர், சிறந்த இளம் ஆட்டக்காரர் என்னும் இரு சிறப்பும் அவளுக்கே கிடைத்தன. அவள் என்று இதுவரை எழுதினேன். வயது பதினான்கேயாயினும், ஒரு நாட்டின் சார்பிலே நின்று வென்றவரை இனி அவர் என்றெழுதுதலே முறை.

அடுத்த ஆண்டு ஆர்ஜென்டீனாவின் ரொசாரியோ நகரில் உலகக் கிண்ணப் போட்டி. பதினைந்து வயதான இராணியே இந்திய அணியில் வயதிற் சிறியவர். ஏழு கோல்கள் அடித்தார். இந்தியா ஒன்பதாம் இடத்தையே பெற்றது. ஆயினும் தொடரின் சிறந்த இளம் ஆட்டக்காரர் விருது இராணிக்கு அளிக்கப்பட்டது. தோற்ற அணியிலிருந்து இவ்விருது பெறுதல் எளிதன்று. வென்ற அணியில் ஆடுபவர்க்குத் துணை பலர். தோற்கும் அணியின் முன்வரிசையில் நிற்பவர்க்கோ பந்து வருவதே அரிது. வருகின்ற சில பந்துகளைக் கோலாக மாற்றுபவரே கணிக்கப்படுகின்றார். அவ்வாண்டின் உலக நட்சத்திர அணியிலும் அவர் பெயர் சேர்க்கப்பட்டது.

இந்திய ஹொக்கி என்றாற் பெரும்பாலும் ஆடவர் ஹொக்கியையே நினைப்பது வழக்கம். 1928ஆம் ஆண்டு தொடங்கி 1980ஆம் ஆண்டு வரை ஒலிம்பிக்கிலே எட்டுத் தங்கப் பதக்கங்கள். தியான் சந்த் என்னும் பெயர். அதன் பெருமையெல்லாம் ஒருபுறம். மகளிர் ஹொக்கி ஒலிம்பிக்கிலே சேர்க்கப்பட்டது 1980ஆம் ஆண்டு மொஸ்கோவிலேதான். அங்கே ஆறு அணிகளுள் இந்தியா நான்காவது. அதன்பின் முப்பத்தாறு ஆண்டுகள் இந்திய மகளிர் ஒலிம்பிக் மைதானத்திலே கால் வைக்கவில்லை. 2012ஆம் ஆண்டு தில்லியில் நடைபெற்ற தகுதிகாண் போட்டியின் இறுதியாட்டத்திலே தென்னாபிரிக்காவிடம் தோற்று இலண்டன் வாய்ப்பையும் இழந்தனர். தோல்வியிலும் சிறப்பு விருது பெறும் சிறுமி என்னும் நிலை எத்தனை காலத்துக்குச் சுவைக்கும்?

2013ஆம் ஆண்டு ஜேர்மனியின் மொன்சன்கிளாட்பாக் நகரிலே கனிட்ட உலகக் கிண்ணம். மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்திலே இங்கிலாந்தோடு ஒன்றுக்கொன்று சமநிலை. தனித்து மோதும் முறையிலே இந்தியா வென்றது. ஆட்ட நேரத்திலே இந்தியாவின் கோலை அடித்தவர் இராணி. தனி மோதலிலும் அடித்தார். கனிட்ட மகளிர் உலகக் கிண்ணத்திலே இந்தியா பெற்ற முதற்பதக்கம் அது. தொடரின் சிறந்த ஆட்டக்காரரும் அவரே. அடுத்த ஆண்டு இஞ்சியோன் ஆசிய விளையாட்டு விழாவிலே வெண்கலம். 2015ஆம் ஆண்டு பெல்ஜியத்தின் அன்ட்வேர்ப் நகரிலே யப்பானை வென்று ஐந்தாம் இடம் பெற்றதன் பயனாக ரியோ ஒலிம்பிக்கின் வாயில் திறந்தது.

ரியோவிலே நேர்ந்ததை நீட்டி உரைப்பதிற் பயனில்லை. முதலாட்டம் யப்பானோடு இரண்டுக்கிரண்டு சமநிலை. அதில் ஒரு கோல் இராணியுடையது. ஏனைய நான்கிலும் தோல்வி. பன்னிரண்டு அணிகளுள் பன்னிரண்டாம் இடம். அவ்வாண்டிலேயே அவர்க்கு அர்ஜுனா விருது வழங்கப்பட்டது. துரோணர் விருது பெற்ற ஆசிரியரின் மாணவிக்கு அருச்சுனன் பெயரால் விருது என்பதனைப் புராண உணர்வுடையோர் சுவைப்பர்.

இராணி அணியின் தலைமையை ஏற்றபின் நடந்தவையே எனக்கு மிக விருப்பமானவை. 2017ஆம் ஆண்டு யப்பானின் ககமிகஹாரா நகரில் ஆசியக் கிண்ண இறுதியாட்டம், எதிரணி சீனா. தனி மோதலிலே ஐந்துக்கு நான்கு என வென்று கிண்ணத்தைக் கொணர்ந்தனர். அவ்வாண்டிலேதான் பெற்றோர்க்கு ஒரு வீடு வாங்கிக் கொடுத்து, இளமையிற் கொடுத்த வாக்கை நிறைவேற்றினார். 2018ஆம் ஆண்டு இலண்டன் உலகக் கிண்ணத்திலே காலிறுதி வரை சென்று அயர்லாந்திடம் தனி மோதலிலே தோற்றனர். அதே ஆண்டு ஜகார்த்தா ஆசிய விளையாட்டு விழாவில் வெள்ளி. நிறைவு விழாவிலே இந்தியக் கொடியை ஏந்தி நடந்தவர் வண்டிக்காரர் மகள்.

ஓராட்டத்தை மட்டும் விரித்துச் சொல்வேன். 2019ஆம் ஆண்டு நவெம்பர் மாதம் முதலாம், இரண்டாம் திகதிகளிலே ஒடிசாவின் புவனேசுவரத்தில், டோக்கியோ ஒலிம்பிக்குக்குத் தகுதி பெறும் பொருட்டு இந்தியாவும் அமெரிக்காவும் இரண்டு ஆட்டங்கள் ஆடின. இரண்டிலும் பெற்ற கோல்களைக் கூட்டிப் பார்த்து வெற்றி தீர்மானிக்கப்படும். முதல் நாள் இந்தியா ஐந்து, அமெரிக்கா ஒன்று. இனி அஞ்ச வேண்டுவதில்லை என்று ஊரெல்லாம் பேசியிருக்கும். இரண்டாம் நாள் இடைவேளைக்குள் அமெரிக்கா நான்கு கோல்கள் போட்டுவிட்டது. கூட்டினால் ஐந்துக்கு ஐந்து. முதல்நாள் ஈட்டிய செல்வமெல்லாம் அரை ஆட்டத்திலே கரைந்துபோயிற்று. நாலாண்டு உழைப்பு ஒரு மணி நேரத்திலே அழிந்துவிடுமோ என்னும் நிலை. நாற்பத்தெட்டாவது நிமிடத்திலே, வட்டத்துள் தமக்கு வாய்த்த பந்தை இராணி கோலுக்குள் அடித்தார். ஆட்டத்தின் முடிவு நான்குக்கு ஒன்று, தோல்வியே. ஆயினும் கூட்டுத்தொகை ஆறுக்கு ஐந்து. ஆட்டத்தில் தோற்று, டோக்கியோவுக்குப் போகும் உரிமையை வென்றனர்.

அணித்தலைவர் என்னும் சொல்லுக்குப் பொருள் யாது என்று மாணாக்கர் கேட்பின் இவ்வாட்டத்தையே காட்டுவேன். முதல்நாளிலே ஐந்து கோல் விழுந்தபோது ஆரவாரித்தவர் பலர். மறுநாள் எல்லாருடைய காலும் தளர்ந்தபோது ஒருவருடைய கால் தளராதிருக்க வேண்டும். அவ்வொருவர் அணித்தலைவராயிருத்தல் நல்லூழ்.

2020ஆம் ஆண்டு அவர்க்குச் சிறப்புகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. 2019க்குரிய உலக விளையாட்டு வீரர் என்னும் சர்வதேச விருதைப் பொதுமக்கள் வாக்கினாற் பெற்றார். ஹொக்கி ஆடுவோருள் அதனை முதலிற் பெற்றவர் அவரே. பத்மசிறீ அறிவிக்கப்பட்டது. இந்திய விளையாட்டுத்துறையின் உயர்ந்த விருதாகிய கேல் ரத்னாவும் அளிக்கப்பட்டது. அவ்வாண்டு அவரோடு கேல் ரத்னா பெற்ற மற்றை நால்வருள் ஒருவர் தமிழ்நாட்டுச் சேலம் மாவட்டத்து மாரியப்பன் தங்கவேலு. காலிலே ஊனமுற்று, உயரம் பாய்தலிலே பரா ஒலிம்பிக் தங்கம் வென்றவர். அவருடைய இளமையும் வறுமையிலேயே கழிந்தது. அப்பட்டியலிலே இவ்விரு பெயர்களையும் ஒருங்கு கண்டபோது மகிழ்ச்சியடைந்தேன் என்பதை மறைப்பானேன்.

அவ்வாண்டிலேயே கொள்ளைநோய் பரவி நாடு அடைபட்டபோது, ஊர்திரும்ப வழியின்றி உணவுக்கு அலமந்த தொழிலாளர்க்கென, இராணியும் அணியினரும் உடற்பயிற்சிச் சவாலொன்றை நடத்தி இருபது இலட்சம் ரூபாவுக்கு மேல் திரட்டிக் கொடுத்தனர். பசியை நூலிற் படித்தவர் செய்யும் அறம் ஒருவகை. பசியோடு ஓடியவர் செய்யும் அறம் வேறொருவகை.

நோயினால் ஓராண்டு பின்தள்ளப்பட்டு 2021ஆம் ஆண்டு நடைபெற்ற டோக்கியோ ஒலிம்பிக்கிலே முதல் மூன்று ஆட்டங்களிலும் தோல்வி. நெதர்லாந்து ஐந்துக்கு ஒன்று. அவ்வொன்றை அடித்தவர் இராணி. ஜேர்மனி இரண்டுக்குச் சுழி. பிரித்தானியா நான்குக்கு ஒன்று. ரியோவே மீண்டும் வந்துவிட்டது என்று கருதியோர் பலர். பின்னர் அயர்லாந்தை ஒரு கோலால் வென்றனர். தென்னாபிரிக்காவை நான்குக்கு மூன்று என வென்றனர், அந்நான்கினுள் மூன்று வந்தனா கட்டாரியா அடித்தவை. அயர்லாந்து பிரித்தானியாவிடம் தோற்றமையாற் காலிறுதி கிடைத்தது. ஓகஸ்ட் 2ஆந் திகதி எதிர்ப்பட்டது அவுஸ்திரேலியா. இருபத்திரண்டாம் நிமிடத்திலே குர்ஜித் கௌர் பெனால்டி கோணரிலிருந்து அடித்த ஒரே கோல்; மிகுதி நேரமெல்லாம் கோல்காப்பாளர் சவிதாவின் காவல். இந்திய மகளிர் முதன்முறையாக ஒலிம்பிக் அரையிறுதியை அடைந்தனர். அந்த அணியிலே ஷாஹாபாத்து மைதானத்திலிருந்து வந்தோர் இராணியோடு மூவர். மற்றையிருவர் நவ்ஜோத் கௌர், நவ்நீத் கௌர். அயர்லாந்துக்கு எதிரான அக்கோலை அடித்தவர் நவ்நீத்தே. அரையிறுதியிலே ஆர்ஜென்டீனாவிடம் இரண்டுக்கு ஒன்று எனத் தோற்றனர். வெண்கலத்துக்கான ஆட்டத்திலே பிரித்தானியாவுக்கு இரண்டு கோல் பின்னின்று, மூன்றுக்கிரண்டென முன்னேறி, ஈற்றில் நான்குக்கு மூன்று எனத் தோற்றனர்.

நான்காம் இடம். மொஸ்கோவிலும் நான்காம் இடமே. எண் ஒன்றாயினும் பொருள் வேறு: அங்கே ஆறு அணிகள், இங்கே பன்னிரண்டு. அழுதுகொண்டு நின்ற அம்மகளிரைப் படத்திலே கண்ட இந்திய நாடு, தங்கம் வென்றோரையும் அத்துணைப் பரிவோடு பார்த்ததில்லை.

அதன்பின் உடம்பு ஒத்துழைக்கவில்லை. தொடைத்தசையிலே காயம், நீண்ட ஓய்வு, 2022ஆம் ஆண்டு உலகக் கிண்ண அணியிலே அவர் பெயர் இல்லை. இடையிலே மீண்டும் அழைக்கப்பட்டார். பின்னர் அழைப்பு வரவில்லை. முப்பது வயது நிரம்பாத ஒருவரைப் பழையவர் என்று ஒதுக்கும் உலகம் விளையாட்டுலகம். பதினான்கு வயதிலே தொடங்கியவர்க்கு இருபத்தேழு வயதென்பது ஓய்வூதிய வயது போலும்! எம்போன்ற பண்டிதர் ஐம்பதைக் கடந்த பின்னரே சொல்லின் நுட்பம் சிறிது விளங்கத் தொடங்குகின்றோம். கால்களை முதலாகக் கொண்ட கலைக்கும் நாவை முதலாகக் கொண்ட கலைக்கும் உள்ள வேறுபாடு அது. வறுமையை வென்ற கதையை ஆயிரம் முறை எழுதிய பத்திரிகைகள், இவ்விலக்கத்தைப் பற்றி எழுதியது மிகச் சிறிதே. ஏறுவதைப் பாடுதல் எளிது. ஏறியவர் இறக்கப்படுகையில் பாடுவாரைக் காணோம்.

ஆயினும் அவர் முறையிட்டுக்கொண்டிருக்கவில்லை. இளம் வீராங்கனையரைப் பயிற்றும் பணியிலே இறங்கினார். 2023ஆம் ஆண்டு உத்தரப் பிரதேசத்து இராய்பரேலியிலே இரயிற்பெட்டித் தொழிற்சாலையைச் சார்ந்த ஹொக்கி மைதானத்துக்கு அவர் பெயர் இடப்பட்டது. இந்தியாவிலே ஹொக்கி ஆடிய பெண்ணொருவர் பெயரால் மைதானம் அமைந்தது அதுவே முதன்முறை. முறிந்த கோல் கிடந்த மைதானத்தின் வேலியோரத்திலே நின்றவர்க்கு இது கிடைத்தது.

2024ஆம் ஆண்டு ஒக்டோபர் 24ஆந் திகதி, தில்லியிலே தியான் சந்த் பெயரால் அமைந்த தேசிய விளையாட்டரங்கிலே தம் ஓய்வை அறிவித்தார். இந்தியாவுக்காக அவர் ஆடிய ஆட்டங்கள் 250க்கு மேற்பட்டவை. அவர் அணிந்த 28ஆம் இலக்கச் சட்டையை இனி எவர்க்கும் வழங்குவதில்லை என இந்திய ஹொக்கிச் சங்கம் அன்று தீர்மானித்தது. மூன்று மாதம் கழியுமுன், 2025ஆம் ஆண்டு ஜனவரியிலே இராஞ்சியில் மகளிர்க்கான ஹொக்கி இந்தியா லீக் முதன்முறையாக நடைபெற்றபோது, சூர்மா அணியின் வழிகாட்டியாக மைதானத்தின் ஓரத்திலே இராணி நின்றார். அவ்வணி இறுதியாட்டம் வரை சென்று, ஒடிசா அணியிடம் இரண்டுக்கு ஒன்று எனத் தோற்றது.